பொழுது மலையில் முளைத்து மலையில் விழும் ஊர்

அண்ணன் மகள் பத்தாம் வகுப்பு முடித்ததும் சாதிச் சான்றிதழுக்கு எழுதிப் போட்டோம். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் படிவத்தைப் பார்த்துவிட்டு, "பூர்வீகம் எது?" என்றார்.

"சேரம்பாடிங்க."

"அதுக்கு முன்னாடி?"

"சிலோனுங்க. மஸ்கெலியா."

"அதுக்கும் முன்னாடி?"

அண்ணன் என்னைப் பார்த்தார், நான் அண்ணனைப் பார்த்தேன். "திருச்சி ஜில்லான்னு சொல்லுவாங்க" என்று இழுத்தோம். ஜில்லா போதாது, தாலுகாவும் கிராமமும் வேண்டும், விசாரித்து எழுதிக்கொண்டு வாருங்கள் என்று படிவத்தைத் திருப்பித் தந்துவிட்டார்.

கூடலூர், பந்தலூர், கோத்தகிரிப் பக்கம் இருக்கிற எங்கள் சனத்துக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. எங்களைத் 'தாயகம் திரும்பியோர்' என்று அரசாங்கம் எழுதும். ஊர்க்காரர்கள் 'சிலோன்காரங்க' என்பார்கள். அங்கே இருந்தவரை 'கள்ளத்தோணி' என்றும் 'தோட்டக்காட்டான்' என்றும் கூப்பிட்டார்கள். 1948-ல் இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டம் தோட்டத்துத் தமிழர்களை நாடில்லாதவர்களாக ஆக்கியது. 1964 அக்டோபர் 30-ஆம் தேதி இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் கையெழுத்துப் போட்டு, 9,75,000 பேரைப் பங்கு பிரித்தார்கள். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மீதி 1,50,000 பேரை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று வைத்திருந்து, 1974-ல் ஆளுக்குப் பாதியாக எடுத்துக்கொண்டார்கள். அந்தப் பங்கில் வந்தவர்கள் நாங்கள். தமிழக அரசு 1968-ல் இவர்களுக்காகவே தொடங்கிய தேயிலைத் தோட்டங்களில், இன்றைய டான்டீயில், தாத்தாவும் பாட்டியும் கொழுந்து பறித்தார்கள். நான் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கணக்கு எழுதுகிறேன். ஐந்து தலைமுறைக்குள் இது நான்காவது ஊர்.

தாத்தாவிடம் கேட்டிருந்தால் ஒரே நாளில் முடிந்திருக்கும். அவர் 2009-ல் போய்விட்டார். அவர் இருந்தவரை எனக்கு இந்தக் கேள்வியே தோன்றவில்லை. இதைப் படிக்கிற யார் வீட்டிலாவது எண்பது வயதுக்கு மேல் ஒருவர் இருந்தால், மற்றதையெல்லாம் பிறகு படித்துக்கொள்ளலாம். இன்று இரவே அவர் பக்கத்தில் போய் உட்காருங்கள்.

எங்களுக்கு மிஞ்சியிருந்தது தாத்தாவின் தங்கை. அப்பாவுக்கு அத்தை, எனக்கு அத்தைப்பாட்டி. சேரம்பாடியில் மகன் வீட்டில் இருக்கிறார். எண்பத்தைந்து வயதிருக்கும். காது கொஞ்சம் மந்தம், நினைவு கூர்மை. ஆனால் நான் முதலில் அவரிடம் போகவில்லை. சென்னையில் ஐடி வேலையில் இருக்கிற சித்தப்பா மகன், "எதுக்குண்ணே அலையுறீங்க, டிஎன்ஏ டெஸ்ட் எடுத்தா தெரிஞ்சிடும்" என்றான். சரியென்று அவன் எச்சிலை ஒரு குழாயில் துப்பி அனுப்பினான். இரண்டு மாதம் காத்திருந்தோம்.

வந்த முடிவில் இருந்தது இவ்வளவுதான்: தெற்காசியா. தாய்வழிக் கிளை 'எம்'. அந்த 'எம்' இந்தியாவில் பாதிப் பேருக்கு மேல் இருக்கிற கிளை. ஆப்பிரிக்காவிலிருந்து மனிதர்கள் கடலோரமாகவே கிழக்கே நகர்ந்து வந்த காலத்தோடு, சுமார் 60,000 ஆண்டுகளுக்கு முன்னே போய் நிற்கிறது அது. படிக்கப் படிக்க எனக்குப் பிரமிப்பாக இருந்தது, மறைக்கவில்லை. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்துப் பேராசிரியர் ராமசாமி பிச்சப்பனும் அவர் குழுவும் மதுரைக்கு மேற்கே ஒரு கிராமத்தில் ரத்த மாதிரி எடுத்தபோது, ஆஸ்திரேலியப் பழங்குடிகளிடம் இருக்கிற எம்130 என்ற தந்தைவழி அடையாளம் அங்கே ஒருவரிடம் கிடைத்தது. ஆப்பிரிக்காவிலிருந்து ஆஸ்திரேலியா வரைக்கும் நடந்தவர்கள் வழியில் நம் ஊரிலும் தங்கியிருக்கிறார்கள். இலங்கையில் பாகியன்கல குகையில் 48,000 ஆண்டு பழமையான எலும்பு அம்புமுனைகள் கிடைத்திருக்கின்றன. அன்றைக்குக் கடல் மட்டம் தாழ்ந்திருந்தது. ராமேஸ்வரத்துக்கும் தலைமன்னாருக்கும் நடுவே தரை இருந்தது. எங்கள் பாட்டி கடவுச்சீட்டோடு கப்பலில் கடந்த அந்த இடத்தை அவர்கள் கால்நடையாகக் கடந்தார்கள்.

ஆனால் எங்களுக்கு வேண்டியது கிராமத்துப் பெயர். எச்சில் 60,000 வருஷத்துக்கு முந்தைய வழியைச் சொல்லியது, 120 வருஷத்துக்கு முந்தைய தெருவைச் சொல்லவில்லை. இன்னொன்றும் தாமதமாகத்தான் உறைத்தது. தாய்வழிக் கிளை என்பது அம்மா, அம்மாவின் அம்மா என்று ஒரே கோட்டில் போவது. தம்பியின் எச்சிலில் வந்த தாய்வழி எங்கள் சித்தியின் வழி. எங்கள் தாத்தாவுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. பத்துத் தலைமுறை பின்னால் போனால் ஒருவருக்கு 1,024 முன்னோர் வருவார்கள். இந்தச் சோதனையில் தாய்வழி ஒருவரையும் தந்தைவழி ஒருவரையும்தான் பின்தொடர முடிகிறது. காசு செலவழிக்கும் முன்னே, எந்தக் கோட்டைத் தேடுகிறோம், யாருடைய எச்சில் அந்தக் கோட்டில் இருக்கிறது என்று ஒரு தாளில் வரைந்து பாருங்கள். நாங்கள் வரையவில்லை.

அடுத்தது காகிதம். அப்பாவின் தகரப் பெட்டியில் பாட்டனார் காலத்துப் பிறப்புத் துண்டு ஒன்று, தாத்தாவின் இந்தியக் கடவுச்சீட்டு, கப்பலில் வந்து இறங்கியவர்களைத் தங்க வைத்த மண்டபம் முகாமில் கொடுத்த குடும்ப அட்டை மூன்றும் இருந்தன. அட்டையில் ஒரு குடும்பப் படம். தாத்தா நேராகப் பார்க்கிறார், மற்ற எல்லாரும் வேறு எங்கோ பார்க்கிறார்கள். சொந்த ஊர் என்ற இடத்தில் 'துறையூர், திருச்சி' என்று இருந்தது. துறையூர்தான் ஊர் என்று துள்ளிக் குதித்துவிட்டு, அப்புறம் உறவுக்காரர்கள் ஏழெட்டுப் பேருடைய அட்டைகளை வாங்கிப் பார்த்தேன். பாதிப் பேருக்குத் துறையூர், மற்றவர்களுக்கு முசிறி, நாமக்கல். கிராமத்துப் பெயர் ஒருவர் அட்டையிலும் இல்லை. எழுதியவர் கிராமத்தின் பெயரைக் கேட்டு எழுதச் சிரமப்படாமல் பக்கத்து டவுன் பெயரைப் போட்டிருக்கிறார். ஆக, அந்தக் காகிதம் பொய் சொல்லவில்லை. தாலுகாவோடு நின்றுவிட்டது, அவ்வளவுதான்.

பெயர்களிலும் இதே பாடுதான். ஆங்கிலத்தில் எழுதிய குமாஸ்தா கறுப்பனை ஓரிடத்தில் 'கே' என்ற எழுத்திலும் இன்னோரிடத்தில் 'சி' என்ற எழுத்திலும் தொடங்கியிருக்கிறார். ஒரே ஆள் இரண்டு ஆளாகிவிடுகிறார். பழைய பதிவுகளில் தேடுகிறவர்கள் பெயரை ஒரே எழுத்துக்கூட்டலில் தேடிவிட்டு இல்லை என்று முடிவு கட்ட வேண்டாம். வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், அந்த ஒலியை ஒரு வெள்ளைக்காரத் துரை எப்படியெல்லாம் எழுதியிருப்பார் என்று யோசியுங்கள். தோட்டத்துக்கும் இரண்டு பெயர் உண்டு. துரையின் காகிதத்தில் ஸ்காட்லாந்து ஊர் ஒன்றின் பெயர் இருக்கும், சனங்களின் வாயில், ஆட்களைக் கூட்டிவந்து வேலை வாங்கிய பழைய கங்காணியின் பெயரோ அங்கிருந்த மரத்தின் பெயரோ இருக்கும். இரண்டையும் கேட்டு எழுதிக்கொள்ளாமல் ஒரு தோட்டத்தைத் தேட முடியாது.

இதே காலத்தில் பிஜிக்கும் தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்கும் போனவர்களின் காகிதங்களைப் பார்த்தபோது எனக்குப் பொறாமையாக இருந்தது. 1833-ல் பிரிட்டன் அடிமை முறையை ஒழித்துச் சட்டம் போட்ட பிறகு, கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாக ஆட்களைக் கப்பல் ஏற்றினார்கள். 1834 முதல் மொரீஷியசுக்கு, 1838 முதல் கயானாவுக்கு. 1860-ல் சென்னையிலிருந்து 'ட்ரூரோ' என்ற கப்பல் டர்பனுக்குப் போனது. 1879-ல் 'லியோனிடாஸ்' கல்கத்தாவிலிருந்து பிஜிக்குப் போனது. அது ஐந்து வருஷ ஒப்பந்தம் என்பதால் ஒவ்வொரு ஆளுக்கும் ஒரு சீட்டு உண்டு. அதில் தகப்பன் பெயர், கிராமம், தாலுகா, சாதி, உயரம், உடம்பில் இருக்கிற தழும்பு வரைக்கும் எழுதினார்கள். மொரீஷியசில் ஒரு கட்டத்தில் படமும் எடுத்தார்கள். அது மோகாவில் உள்ள மகாத்மா காந்தி நிலையத்தின் ஆவணக் காப்பகத்தில் இன்றும் இருக்கிறது. தப்பி ஓடினால் பிடிப்பதற்காக எழுதிய அடையாளங்களை வைத்து இன்று பேரப்பிள்ளைகள் ஊர் தேடி வருகிறார்கள்.

சிலோன் கதை வேறு. அங்கே ஆள் கொண்டுபோனது கங்காணி. தன் ஊருக்கே வந்து, தன் சொந்தக்காரர்களையும் அக்கம்பக்கத்துக்காரர்களையும் முன்பணம் கொடுத்துக் கூட்டிக்கொண்டு போனார். தனி ஆளுக்கு ஒப்பந்தம் கிடையாது. கடன்தான் ஒப்பந்தம். கங்காணியின் ஆட்களுக்கு மொத்தம் எவ்வளவு கடன் என்று துரை எழுதித் தருகிற சீட்டுக்குத் 'துண்டு' என்று பெயர். அந்தக் கடனை அடைக்க எந்தத் தோட்டம் சம்மதிக்கிறதோ அங்கே மொத்தக் கூட்டமும் போகும். 1921-ல்தான் அதைச் சட்டம் போட்டு ஒழித்தார்கள். இதைப் படித்த அன்று இரவு எனக்குச் சரியாகத் தூக்கமில்லை. நான் குடியிருக்கிற காம்பவுண்டில் ஒடிசாப் பையன்கள் ஆறு பேர் ஒரே அறையில் இருக்கிறார்கள். ஊரில் முன்பணம் வாங்கி, ஏஜென்ட்டோடு ரயிலேறி வந்தவர்கள். அவர்களுக்குத் தெரிந்த தமிழ் வார்த்தைகளில் ஒன்று 'அட்வான்ஸ்'. அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்கு என்ன காகிதம் மிஞ்சும் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். மறுநாள் அவர்களில் ஒருவனிடம் ஊர்ப் பெயரைக் கேட்டு, அவனுடைய ஆற்றின் பெயரையும் கேட்டு, அவன் போனிலேயே அவன் குரலில் பதிவு செய்ய வைத்தேன். எதற்கென்று அவனுக்குப் புரியவில்லை. செய்தான்.

உங்கள் முன்னோர் பிஜி, நேட்டால், மொரீஷியஸ் போனவர்கள் என்றால் முதலில் காகிதத்தைத் தேடுங்கள். சிலோன், பர்மா என்றாலோ, மலாயாவுக்குக் கங்காணியோடு போனவர்கள் என்றாலோ முதலில் பேசக்கூடிய வாயைத் தேடுங்கள். இந்த வரிசை தெரியாமல் நான் ஏழெட்டு மாதத்தை வீணாக்கினேன்.

கடைசியில் அத்தைப்பாட்டியிடம் போய் உட்கார்ந்தேன். முதல் நாள் கேட்ட விதமே தப்பு. "எந்த வருசம் வந்தீங்க பாட்டி?" "அது ஆச்சுப்பா, ரொம்ப வருசம்." "நம்ம ஊரு எது பாட்டி?" "நம்ம ஊரு மஸ்கெலியாதான." நோட்டை மூடிவைத்துவிட்டுத் தேத்தண்ணி குடித்தேன். இரண்டாம் நாள் வேறு மாதிரி கேட்டேன். "கப்பல் ஏறும்போது உங்க இடுப்புல யாரு இருந்தா?" உடனே பதில் வந்தது. "உங்க கடைசிச் சித்தப்பன். பல்லு முளைக்கல. அவனுக்குப் பாணுகூட நனைச்சுக் குடுக்க வழியில்ல. பாணுக்கு வரிசை, மாவுக்கு வரிசை. பக்கத்து லயத்துல ரெண்டு பேரு பட்டினியில செத்துட்டாங்க." பாண் என்றால் ரொட்டி, லயம் என்றால் தோட்டத்து வரிசை வீடு. பாட்டி சொன்னது 1973, 74 தோட்டப் பஞ்சம். கடவுச்சீட்டில் இருந்த தேதியும் 1974-தான்.

வருஷம் அவர்கள் தலையில் எண்ணாக இல்லை. யார் வயிற்றில், யார் இடுப்பில், எது கிடைக்காமல் போயிற்று என்றுதான் இருக்கிறது. மஸ்கெலியாக்காரர்களுக்கு இன்னொரு கல்தூணும் உண்டு. 1960-களின் கடைசியில் மவுஸ்ஸாகலை அணை கட்டியபோது பழைய மஸ்கெலியா டவுன் தண்ணீருக்குள் போனது. தண்ணீர் வற்றும்போது பழைய கோயில் வெளியே தெரியும். "பழைய டவுன் இருக்கும்போதா, முழுகின பிறகா?" என்று கேட்டால் எந்தக் கல்யாணத்துக்கும் எந்தச் சாவுக்கும் பாட்டி சட்டென்று பதில் சொல்லிவிடுவார். உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்கு அது 1964 தனுஷ்கோடிப் புயலாக இருக்கலாம். அதைக் கண்டுபிடித்து, அதற்கு முன்னா பின்னா என்று கேளுங்கள்.

கோச்சியைப் பற்றிக் கேட்டபோது பாட்டி கொஞ்ச நேரம் பேசவில்லை. கோச்சி என்றால் ரயில். இந்தியாவுக்குப் போகிறவர்களை ஹட்டனில் ஏற்றுவார்கள். போகிறவர்களும் வழியனுப்ப வந்தவர்களும் ஒருவரை ஒருவர் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுவார்கள். அதனால் அதற்கு 'ஒப்பாரிக் கோச்சி' என்றே பெயர். பாட்டியின் அக்கா அந்த ஐந்து லட்சத்தில் இல்லை, மூன்று லட்சத்தில் இருந்தார். ஒரே லயத்தில் பிறந்த இரண்டு பெண்கள். அக்காவைப் பாட்டி அதற்கப்புறம் பார்க்கவே இல்லை. அன்றைக்கு நான் வேறு எதுவும் கேட்கவில்லை. எல்லாக் கேள்வியையும் ஒரே நாளில் கேட்டு முடிக்க வேண்டும் என்று நினைக்காதீர்கள். சில நாள் வெறுமனே கூட இருந்துவிட்டுத் திரும்பி வர வேண்டும்.

கேட்கக் கேட்க ஒரு குழப்பம் வளர்ந்தது. எங்கள் குடும்பத்தில் சொல்லுகிற கதை இது: தாது வருஷப் பஞ்சத்தில் கிளம்பினார்கள், மன்னாரில் இறங்கிக் காட்டு வழியே நடந்தார்கள், வழியில் விழுந்தவர்களை விட்டுவிட்டு மாத்தளை வந்து சேர்ந்தார்கள், கழுத்தில் தகரம் மாட்டியிருந்தார்கள். தாது வருஷம் 1876-ல் வந்தது. சென்னை மாகாணத்தையே சூறையாடிய பஞ்சம் அது. கழுத்தில் மாட்டுகிற தகர டிக்கெட் வந்ததோ 1901-ல். எந்தத் தோட்டத்துக்கு உரிய ஆள் என்று காட்டுகிற தகட்டை மாட்டி அனுப்பினார்கள். அந்தக் காலத்தில் ஆட்கள் பெரும்பாலும் தூத்துக்குடியில் கப்பலேறிக் கொழும்பில் இறங்கினார்கள். ஒரே ஆள் 1876-ல் நடந்தும் 1901-க்குப் பிறகு தகரத்தோடும் போயிருக்க முடியாது.

ஒரு வாரம் இதையே மனதில் போட்டு உருட்டிவிட்டு, பாட்டியிடம் தனித்தனியாகக் கேட்டேன். "தகரம் மாட்டினது யாரு?" "எங்க அப்பாவோட அப்பா. நான் பார்த்திருக்கேனே. தகரத்தைத் தடவிக் காட்டுற மாதிரி நெஞ்சைத் தடவுவாரு." "நடந்து வந்தது யாரு?" "அது எங்க அம்மா சொல்லும். அம்மாவோட பாட்டி." அவ்வளவுதான், முடிச்சு அவிழ்ந்தது. நடந்தது தாய்வழி, தகரம் தந்தைவழி. முப்பது வருஷ இடைவெளியில் நடந்த இரண்டு பயணங்களை எங்கள் வீட்டுக் கதை ஒன்றாகத் தைத்துவிட்டது. பஞ்சத்தின் பெயர் பெரியது என்பதால் எல்லாக் கதையும் அதில் போய் ஒட்டிக்கொள்கிறது. குடும்பக் கதையில் ஒவ்வொரு வரிக்கும் 'இதைச் செய்தது யார், உங்களுக்குச் சொன்னது யார்' என்று இரண்டு கேள்வி கேளுங்கள்.

அதில் கிடைத்த பெரிய செய்தி வேறு. என் எள்ளுத்தாத்தா, தகரம் மாட்டிப் போனவர், 1950 வாக்கில்தான் இறந்திருக்கிறார். பாட்டி அப்போது பத்து வயதுச் சிறுமி. கிராமத்தைக் கண்ணால் பார்த்தவருக்கும் எனக்கும் நடுவே இருப்பது இந்த ஒரே ஒரு ஆள்.

"அந்தத் தாத்தா ஊரைப் பத்தி என்ன சொல்லுவாரு?"

"என்னத்தச் சொல்லுவாரு. பொழுது மலையில முளைச்சு மலையில விழும்பாரு."

இந்த வரியை நான் சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறேன். வீட்டில் எல்லாரும் சொல்வார்கள். மஸ்கெலியாவைச் சொல்கிறார்கள் என்று நினைத்தேன், சேரம்பாடிக்கும் அது பொருந்தும். சுற்றிலும் மலை இருக்கிற இடத்தில் பொழுது வேறு எங்கே முளைக்கும்? ஆனால் மலைக்குள் பிறந்து வளர்ந்தவருக்கு அது சொல்லக்கூடிய விஷயமே இல்லை. சமவெளியில் நின்று இரண்டு பக்கமும் மலையைப் பார்க்கிறவர்தான் அப்படிச் சொல்வார். வரைபடத்தை விரித்தேன். துறையூருக்கு வடக்கே, கிழக்குப் பக்கம் பச்சைமலை, மேற்குப் பக்கம் கொல்லிமலை, நடுவே ஒரு பள்ளத்தாக்கு. உப்பிலியபுரம் அதில்தான் இருக்கிறது.

தோட்டத்தில் லயத்துக்கு மேலே மரத்தடியில் ஒரு கல்லை நட்டு, பெரியண்ணசாமி என்று கும்பிட்டதாகவும் பாட்டி சொல்லியிருந்தார். அதுவும் கொல்லிமலைப் பக்கத்துச் சாமி. குலதெய்வத்தைக் கேட்பது நல்ல வழி. ஆனால் ஒரு சாமிக்கு இரண்டு மூன்று மாவட்டத்தில் குடிமக்கள் இருப்பார்கள், அதை மட்டும் வைத்து ஊரைப் பிடிக்க முடியாது. மலை, சாமி, காகிதத்தில் இருந்த தாலுகா மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தபோது மிஞ்சியது சில கிராமங்கள்தான்.

பாட்டி சொன்ன இன்னொரு வரியை என் நோட்டில் இப்படி எழுதியிருந்தேன்: "ஐயா, ஆத்துல ஊத்துத் தோண்டித்தான் தண்ணி எடுப்பாங்க." என்னை 'ஐயா' என்று அழைத்துச் சொன்னதாக எடுத்துக்கொண்டேன். எந்த ஆறாகவும் இருக்கலாம் என்று விட்டுவிட்டேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை நாமக்கல் வழியாகத் துறையூர் போய், உப்பிலியபுரம் பக்கம் போகிற டவுன் பஸ்ஸில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தேன். பஸ் ஒரு பாலத்தில் ஏறியது. ஓரத்தில் பலகை: ஐயாறு. போனை எடுத்துப் பாட்டியின் பதிவைக் காதில் வைத்துத் திரும்பக் கேட்டேன். "ஐயாத்துல ஊத்துத் தோண்டித்தான்" என்று ஒரே மூச்சில் சொல்கிறார். நடுவே நிறுத்தமே இல்லை. காற்புள்ளியைப் போட்டது நான். அதனால் சொல்கிறேன், எழுதிக்கொள்வது மட்டும் போதாது. குரலைப் பதிவு செய்யுங்கள், புரிந்த பகுதியையும் மறுபடி கேளுங்கள். பேசுகிறவர் பெரியவர் என்றால் உங்கள் பாஷைக்கு அவரைத் திருத்தாதீர்கள். பாட்டி வீட்டில் திண்ணைக்கு இஸ்தோப்பு, அறைக்குக் காம்பரா, அடுப்படிக்குக் குசினி. இஸ்தோப்பு டச்சுக்காரர்களிடமிருந்து, காம்பராவும் குசினியும் பாணும் போர்த்துக்கீசியரிடமிருந்து இலங்கைக்கு வந்த சொற்கள். சின்ன வயதில் நாங்கள் இதையெல்லாம் பள்ளிக்கூடத்தில் சொல்லக் கூச்சப்பட்டோம். அந்தச் சொற்களுக்குப் பின்னே எத்தனை கப்பல்கள்!

நான் தேடிப்போன கிராமங்களில் மூன்றாவதில் இறங்கினேன். பெயரைச் சொல்லவில்லை, அங்கே வாழ்கிறவர்களுக்கு என்னால் தொந்தரவு வேண்டாம். டீக்கடையில் விஷயத்தைச் சொன்னதும் பெஞ்சில் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "பட்டா ஏதும் பார்க்க வந்தீங்களா?" என்றார் ஒருவர். பூர்வீகம் தேடி வருகிறவரைப் பார்த்தால் நிலத்தில் பங்கு கேட்டு வந்தவரோ என்றுதான் முதலில் தோன்றுகிறது. சொத்து எதுவும் தேடவில்லை, பெயர் கேட்கத்தான் வந்தேன் என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுவது நல்லது. அடுத்த கேள்வி, "உங்க ஆளுங்க எந்தத் தெருவு?" அது என்ன கேள்வி என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். சொன்னேன். அவர் கையைத் தெற்கே நீட்டினார்.

காலனியில் ஒரு வீட்டு வாசலில் வயதான அம்மா ஒருவர் முறத்தில் சோளம் புடைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்து, கண்டிச் சீமைக்குப் போனவர்களைப் பற்றிக் கேட்டேன். "யாரு போகல? வீட்டுக்கு ஒருத்தர் போனாங்க. பண்ணையாளா இருந்து சாகுறதுக்கு அங்க போயி சாகலாம்னு போனாங்க." எள்ளுத்தாத்தாவின் பெயரைச் சொன்னேன். அந்தப் பெயரில் தன் மாமனாருக்குச் சித்தப்பா ஒருவர் இருந்ததாகவும், கங்காணியோடு போனவர் திரும்பவில்லை என்றும் சொன்னார். எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது. ஆனாலும் அதை அப்படியே பிடித்துக்கொள்ளவில்லை. அந்தப் பெயர் தெருவுக்கு நாலு பேருக்கு இருக்கும். அதனால் பாட்டியின் வரியைச் சொல்லாமல், வேறு பக்கமாகக் கேட்டேன். அந்தக் காலத்தில் தண்ணீருக்கு என்ன செய்வார்கள்?

முறத்தைக் கீழே வைத்தார். "மேலத்தெருக் கெணத்துல நம்ம கையால எறைக்க முடியுமா? அவங்க எறைச்சு ஊத்துற வரைக்கும் நிக்கணும். ஊத்துனா உண்டு. அதுக்கு ஐயாத்துல ஊத்துத் தோண்டிக்கிறது மேலுன்னு எங்க மாமியா சொல்லும்."

ஊற்று தோண்டியதைப் பாட்டி எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். ஏன் தோண்டினார்கள் என்று பாட்டிக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. எள்ளுத்தாத்தா தோண்டியதைச் சொல்லியிருக்கிறார், காரணத்தைச் சொல்லவில்லை. பேத்தியிடம் சொல்ல வேண்டாம் என்று நினைத்திருப்பார். பஞ்சத்தால் போனோம் என்ற கதையை எத்தனை வீடுகள் சொல்லிக்கொண்டிருக்கின்றன என்று அந்த வாசலில் உட்கார்ந்து நினைத்தேன். பஞ்சம் வராத வருஷங்களிலும் கங்காணியோடு ஆட்கள் போயிருக்கிறார்கள்.

சாயங்காலம் வரை இருந்தேன். ஐந்தரை மணி இருக்கும், கொல்லிமலைக்குப் பின்னால் சூரியன் இறங்கிவிட்டது. வானத்தில் வெளிச்சம் இருந்தது, வாசலில் வெயில் இல்லை. எதிரே பச்சைமலையின் உச்சியில் மட்டும் மஞ்சள் வெயில் கொஞ்ச நேரம் நின்றது. அதைப் போனில் எடுத்துக்கொண்டேன்.

படிவத்தில் தாலுகாவும் கிராமமும் எழுதிக் கொடுத்தோம். குடும்ப அட்டையின் நகலையும் வைத்தோம். இரண்டு தடவை அலைந்த பிறகு சான்றிதழ் வந்தது.

அடுத்த மாதம் சேரம்பாடி போய்ப் பாட்டிக்கு அந்தப் படத்தைக் காட்டினேன். போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மலையைப் பார்த்தார். ஐயாற்று மணலைப் பார்த்தார். அந்த அம்மா பேசியதை இரண்டு தடவை கேட்டார். கிணற்றைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. போனை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு, "சரி, இது எங்க அப்பா வழி" என்றார். "நடந்து வந்தது அம்மா வழியில்ல? அதுக்கு மலையே கிடையாது. கெணத்துத் தண்ணி உப்புக் கரிக்கும்னு எங்க அம்மா சொல்லும். பனங்கருப்பட்டி கடிச்சுக்கிட்டுக் குடிப்பாங்களாம்."

பதிவு ஓடிக்கொண்டிருந்தது. நோட்டிலும் எழுதிக்கொண்டேன்: மலை இல்லை. உப்புக் கிணறு. பனை.